ரஜூலா வந்தது... ரோனா வரவில்லை!

"எங்க தாத்தா மலேயாவுக்குப் போய் வந்தவர்" என்று சொல்லும் குடும்பங்கள் சேலம், நாமக்கல் பக்கம் இன்றும் உண்டு. அப்படிப் போனவர்களில் பலர் ஏறிய கப்பலின் பெயர், ரஜூலா. அதற்கு ஒரு சகோதரி இருந்ததும், அவளுக்கு நேர்ந்த கதியும் பலருக்குத் தெரியாது.

அதென்ன சகோதரிக் கப்பல்? ஒரே வரைபடத்தை வைத்து இரண்டு மூன்று கப்பல்களைக் கட்டுவார்கள். ஒன்று போகும்போது இன்னொன்று திரும்பி வரும். டைட்டானிக்குக்கு ஒலிம்பிக், பிரிட்டானிக் என்று இரண்டு சகோதரிகள். டைட்டானிக் 1912-ல் மூழ்கியது. பிரிட்டானிக் 1916-ல், முதல் உலகப் போரில் மூழ்கியது. ஒலிம்பிக் மட்டும் 1935 வரை ஓடி ஓய்ந்தது.

சென்னையிலிருந்து மலேயாவுக்கு ஓடிய சகோதரிகள்தான் ரோனாவும் ரஜூலாவும். பிரிட்டிஷ் இந்தியா நீராவிக் கப்பல் கம்பெனிக்காக 1926-ல் கட்டப்பட்டவை. ரோனா இங்கிலாந்தில், ரஜூலா ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில். ஒவ்வொன்றும் சுமார் 8,500 டன். சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, போர்ட் ஸ்வெட்டன்ஹாம் (இன்றைய கிள்ளான் துறைமுகம்), சிங்கப்பூர் என்பது வழி.

கேபின் பயணிகள் இருநூறு பேர்கூட இல்லை. ஆனால் ரஜூலாவின் தளத்தில் 5,000-க்கும் மேற்பட்டவர்களை ஏற்ற அனுமதி இருந்தது! கட்டில் கிடையாது. பாயை விரித்த இடம்தான் வீடு.

ரப்பர் தோட்டங்களுக்குக் கங்காணிகள் ஆள் திரட்டிய மாவட்டங்களில் திருச்சி, தஞ்சாவூர், ஆற்காட்டோடு சேலமும் ஒன்று. நாமக்கல் அப்போது சேலம் மாவட்டத்தில்தான் இருந்தது. நாமக்கல்லுக்கு ரயில் வந்ததே 2013-ல். அந்தக் காலத்தில் ரயிலைப் பிடிக்கவே வேறு ஊருக்குப் போக வேண்டும். கூலிகளைத் தங்கவைக்கும் முகாம்கள் ஆவடியிலும் நாகப்பட்டினத்திலும் இருந்தன. அங்கிருந்து கப்பல். பினாங்கில் இறங்கியதும் நேராகத் தோட்டத்துக்குப் போக முடியாது. தளப் பயணிகளை அருகிலுள்ள ஜெரஜாக் தீவில் தனிமைப்படுத்தி வைப்பார்கள்.

1930-களின் தொடக்கத்தில் ரப்பர் விலை சரிந்தபோது, வேலை போனவர்கள் கூட்டம் கூட்டமாக இதே கடல் வழியில் ஊர் திரும்பினார்கள். 1938-ல் இந்திய அரசு, தோட்ட வேலைக்கு ஆள் அனுப்புவதையே நிறுத்தியது.

இரண்டாம் உலகப் போரில் சகோதரிகள் இருவரும் படை ஏற்றப் போனார்கள். 1943 நவம்பர் 26. அல்ஜீரியா கடலோரம், அமெரிக்க வீரர்களோடு போய்க்கொண்டிருந்தது ரோனா. ஜெர்மன் விமானம் ஒன்று, ரேடியோ மூலம் திசை திருப்பக்கூடிய புது வகைக் குண்டை ஏவியது. கப்பல் மூழ்கியது. 1,100-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அவர்களில் 1,015 பேர் அமெரிக்க வீரர்கள். கப்பலில் வேலை பார்த்த இந்திய மாலுமிகள் பலரும் அவர்களோடு போனார்கள். எதிரிக்குத் தெரியக் கூடாது என்று அமெரிக்கா விவரத்தை மூடி மறைத்தது. பல குடும்பங்களுக்குப் பல ஆண்டுகள் வரை உண்மை தெரியவில்லை.

ரஜூலா தப்பித்தது. போர் முடிந்ததும் பழைய வழிக்கே திரும்பியது. உறவு பார்க்க, கல்யாணம் செய்ய, கடை வைக்க என்று பயணிகள் மாறினார்கள், கப்பல் மாறவில்லை. 1973-ல் இந்தியக் கப்பல் கழகம் அதை வாங்கி 'ரங்கத்' என்று பெயர் மாற்றியது. மறு வருடமே உடைக்கக் கொடுத்துவிட்டார்கள். கிட்டத்தட்ட 48 வருட உழைப்பு!

ரோனாவில் இறந்த அமெரிக்கர்களுக்கு அவர்கள் நாட்டில் நினைவுச் சின்னம் எழுப்பிவிட்டார்கள். தளத்தில் பாய் விரித்துப் போன நம் ஆட்களின் கதை பெரும்பாலும் வீட்டுப் பேச்சில்தான் இருக்கிறது.

உங்கள் வீட்டுப் பரணில் பழைய தகரப் பெட்டி இருந்தால் இறக்கிப் பாருங்கள். பாஸ்போர்ட், டிக்கெட், கடிதம் எது கிடைத்தாலும் போனில் ஒரு படம் எடுத்து வையுங்கள். பாட்டி இருந்தால் பக்கத்தில் உட்கார்ந்து, "தாத்தா எந்தக் கப்பல்ல போனார்?" என்று கேளுங்கள். சொல்ல ஆள் இருக்கும்போதே கேட்டுவிடுவது நல்லது.