இழப்பீடு கேட்பது இழுக்கா?

 

சாலை விபத்தில் குடும்பத் தலைவரை இழந்த வீடுகளில், அடக்கம் முடிந்து அழுகை அடங்கிய பின் ஒரு பேச்சு எழுவதுண்டு. "போன உயிருக்குக் காசு வாங்குவதா? அல்லாஹ்வின் நாட்டம் நடந்துவிட்டது, வழக்கு எதற்கு?" என்பர் பெரியவர்கள். மறுமொழி கூறும் நிலையில் அவ்வீட்டு விதவை இருப்பதில்லை. இப்பேச்சு மார்க்கத்திற்கு உகந்ததுதானா?

தவறுதலாக ஓர் உயிரைப் போக்கியவர், இறந்தவரின் குடும்பத்தாரிடம் ஈட்டுத்தொகையை ஒப்படைக்க வேண்டும் என்பது திருக்குர்ஆனின் கட்டளை (4:92). ஃபிக்ஹு நூல்கள் இதனைத் 'தியத்' என்று விரித்துரைக்கின்றன. நம் நாட்டுச் சட்டம் தரும் இழப்பீடு தியத் அன்று. கணக்கிடும் முறையும் வேறு. ஆயினும், இழந்த குடும்பத்திற்கு ஈடு பெறும் உரிமை உண்டு என்னும் கருத்து ஒன்றே. விதியை நம்புவது ஈமானின் அங்கம். உரிமையைக் கைவிடுவது அதன் அங்கமன்று.

அந்த ஈட்டைத் தர்மமாக விட்டுக்கொடுக்கவும் அதே வசனம் இடமளிக்கிறது. ஆனால் ஒருவர் தம் பங்கை மட்டுமே விட்டுக்கொடுக்கலாம். எத்தீம் பிள்ளைகளின் பங்கை மன்னித்துப் பெருந்தன்மை காட்ட, பாட்டனாருக்கோ சிறிய தந்தைக்கோ உரிமையில்லை.

"இத்தா முடியட்டும், பிறகு பார்க்கலாம்" என்பது அடுத்த தவறு. 1988ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்திற்கு 2019இல் கொணரப்பட்ட திருத்தம், விபத்து நிகழ்ந்த 6 மாதங்களுக்குள் மனுச் செய்ய வேண்டும் என்கிறது. இவ்விதி 2022 ஏப்ரல் முதல் நடைமுறைக்கு வந்தது. இத்தாவோ 4 மாதம் 10 நாள். அது கழிந்தால் எஞ்சுவது இரண்டு மாதத்திற்கும் குறைவே! வழக்கறிஞரை வீட்டிற்கு வரவழைத்து, மஹ்ரமான ஒருவரை உடன் வைத்துக்கொண்டு வக்காலத்தில் கையொப்பமிட இத்தா தடையன்று. விபத்து நடந்த ஊருக்கு அலையவும் வேண்டியதில்லை. தாம் வசிக்கும் பகுதியின் தீர்ப்பாயத்திலேயே மனுச் செய்யலாம்.

மோதிய வாகனம் நிற்காமல் போய்விட்டால் ஒன்றும் கிடைக்காது என்பதும் சரியன்று. உயிரிழப்பிற்கு 2 இலட்சம் ரூபாயும் படுகாயத்திற்கு 50,000 ரூபாயும் வழங்கச் சட்டத்தின் 161ஆம் பிரிவு வகை செய்கிறது. காயம்பட்டவர் பேரிலும் ஓரளவு தவறிருந்தால், அந்த அளவிற்கே தொகை குறைக்கப்படும், முழுவதும் மறுக்கப்படாது. இல்லத்தரசி இறந்தால் "அவளுக்கு ஏது வருமானம்?" என்று கேட்பவர்களுக்கு, 2010இலும் 2021இலும் உச்ச நீதிமன்றம் விடை கூறிவிட்டது. வீட்டில் அவர் ஆற்றும் உழைப்புக்கும் மதிப்பு உண்டு!

"வழக்கிற்குப் பணம் எங்கே?" என்று கலங்கி, கிடைப்பதில் பங்கு கேட்கும் தரகர்களிடம் வெற்றுத்தாளில் கையொப்பமிட்டுவிடாதீர்கள். பெண்கள் எவ்வளவு வருமானம் உடையவராயினும், 1987ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி இலவச சட்ட உதவி பெறலாம். மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகினால் போதும். முதல் தகவல் அறிக்கை, மருத்துவமனைச் சீட்டுகள், மருந்துக்கடை இரசீதுகள், பிரேதப் பரிசோதனை அறிக்கை ஆகியவற்றைப் பத்திரப்படுத்துங்கள்.

உரிமை ஹலால் என்பதால், அதனை அடையும் வழி எதுவாயினும் ஹலால் ஆகிவிடாது. மோதாத வாகனத்தைக் காட்டுவதும், ஓட்டாதவரை ஓட்டினார் என்பதும், இல்லாத ஊனத்திற்குச் சான்றிதழ் வாங்குவதும் பொய்ச் சாட்சியமே. அவ்வாறு வந்த பணத்தில் பரக்கத் ஏது?

பணம் வந்தபின் வருவது பெரிய சோதனை. யாருக்கு எவ்வளவு என்று தீர்ப்பிலேயே குறிக்கப்பட்டிருக்கும். அதனை மீறி விதவையைத் தாய்வீட்டிற்கு அனுப்பிவிட்டு, பிள்ளைகளின் பங்கில் வீடு கட்டுவோரும் நம்மிடையே உளர். எத்தீம்களின் பொருளை அநியாயமாக உண்பவர் தம் வயிற்றில் நெருப்பையே நிரப்புகிறார் என்னும் எச்சரிக்கை (4:10) இவர்கள் காதில் விழவில்லையா?

ஜனாஸாவைத் தோள் கொடுத்துச் சுமக்கும் மஹல்லா ஜமாஅத்தார், அந்த 6 மாதங்களுக்குள் மனு போடப்பட்டதா என்றும் விசாரிக்கட்டும். எத்தீம்களின் உரிமையைக் காப்பதும் நம்மீதுள்ள அமானிதமே. வல்ல அல்லாஹ் அதற்கு நமக்குத் தவ்ஃபீக் செய்வானாக! ஆமீன்.