மீள்விளக்கமும் மாண்ட சாட்சியும்

பழைய காணி உறுதிகளை வாசித்துப் பொருள் சொல்லுமாறு கேட்டு என் போன்ற தமிழாசிரியரிடம் வருவோர் இன்றும் உளர். கூட்டெழுத்தும் புள்ளியிடாத மெய்யும் மலிந்த அவ்வுறுதிகளை வாசித்தல் பழகாத கண்ணுக்கு அரிது. அண்மையில் அவ்வாறு வந்தவர் என் பழைய மாணவர் ஒருவர். உறுதியோடு தீர்ப்பொன்றின் பிரதியும் அவர் கையில் இருந்தது. தந்தையார் தொடுத்த பங்கு வழக்கு கீழ்மன்றில் வென்றது. மேல்மன்று அத்தீர்ப்பைத் தள்ளி, வழக்கை மீள்விளக்கத்துக்கு அனுப்பிவிட்டது. “ஐயா, நாங்கள் வென்றோமா, தோற்றோமா?” என்றார். இரண்டும் இல்லை என்றேன். அவ்விடை எனக்கே நிறைவு தரவில்லை.

பங்கு வழக்கு ஏனைய வழக்குகளைப் போன்றதன்று. கடன் வழக்கில் இருதிறத்தாரும் இணங்கிவிட்டால் நீதிபதிக்கு வேலை முடிந்தது. 1977 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டத்தின்கீழ் வழங்கப்படும் தீர்ப்பாணையோ, சில விலக்குகள் நீங்கலாக, வழக்கிற் பெயர் குறிக்கப்படாதாரையும் கட்டுப்படுத்துவது. கனடாவில் வாழும் பங்காளியின் முதுசம் அவர் அறியாமலே அற்றுப்போகவுங் கூடும். ஆதலின் அச்சட்டத்தின் 25 ஆம் பிரிவு உரித்தை ஆராயும் பொறுப்பை நீதிபதிமேலேயே சுமத்துகின்றது. இக்கொள்கை 1977 இற் பிறந்ததுமன்று. 1903 இல், மாதர் எதிர் தாமோதரம்பிள்ளை என்னும் வழக்கிலே, பிரதம நீதியரசர் லேயார்ட் இதனைத் தெளிவாக உரைத்தார்: கட்சிக்காரர் தமக்குள் எழுப்பிய வினாக்களுக்கு விடை கூறுவதோடு நீதிமன்றின் கடன் தீராது, காணி உண்மையில் இவர்க்கே உரியதென்று மன்று தானே தெளிதல் வேண்டும்.

திருவெண்ணெய்நல்லூர்ச் சபையாரை நினைமின். பெரியபுராணத்திலே முதியவர் காட்டிய ஓலையைச் சுந்தரர் கிழித்தெறிந்தபோதும் சபையார் ஒருபக்கமுஞ் சாய்ந்திலர். மூல ஓலையைக் கொணர்வித்தனர். பாட்டனார் எழுதிய வேறோர் ஓலையோடு கையெழுத்தை ஒப்புநோக்கிய பின்னரே தீர்ப்புக் கூறினர். உரித்தை ஆராய்தல் என்பது அதுவே. அவ்வாறு ஆராயாது வழங்கிய தீர்ப்பை மேல்மன்று திருப்பியனுப்புமாயின் அதனைக் குறைகூற நான் வரவில்லை.

என் மாணவரின் வழக்கு அத்தகையதன்று. உறுதிகள் யாவும் நிரூபிக்கப்பட்டிருந்தன; அளவையாளரின் வரைபடம் இருந்தது; அயலார் நால்வரின் சாட்சியமும் பதியப்பட்டிருந்தது. குறை யாதெனில், விளக்க நீதிபதி எழுவினாக்களுக்கு ‘ஆம்’, ‘இல்லை’ என்று எழுதியதோடு அமைந்துவிட்டார். குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 187 ஆம் பிரிவு வேண்டும் காரணங்களை எழுதிலர். இது நீதிபதியின் பிழை. இதற்காகக் கட்சிக்காரர் மீண்டும் முதலிலிருந்து தொடங்குவானேன்?

சாட்சியை நேரிற் காணாத மேல்மன்று எங்ஙனம் நம்பிக்கை கொள்ளும் என்பர். நியாயமான தடையே. ஆயினும் ஆண்டுக்கணக்கில் நீளும் பங்கு வழக்குகளிலே முதற்சாட்சியைக் கேட்ட நீதிபதி மாற்றலாகிச் செல்ல, பின்வந்தவர் ஏட்டைப் படித்துத் தீர்ப்பெழுதுவது நம் நாட்டிற் சட்டம் இடங்கொடுத்த வழமையன்றோ? அவர்க்கு ஏடு போதுமாயின் மேன்முறையீட்டு நீதியரசர்க்குப் போதாதா? அரசியலமைப்பின் 139 ஆம் உறுப்புரை மேன்முறையீட்டு நீதிமன்றுக்கு மீள்விளக்கங் கட்டளையிடும் அதிகாரத்தை மட்டுமன்று, தீர்ப்பைத் திருத்தும் அதிகாரத்தையும், புதுச்சான்றை ஏற்கும் அதிகாரத்தையுந் தந்துள்ளது. எளிதான வழி முதலாவதே என்பதாற் போலும் அதுவே பெரிதும் கையாளப்படுகின்றது. இஃது என் ஊகம். சட்டத்தரணிகள் மறுப்பாராயின் கேட்கச் சித்தமாயுள்ளேன்.

காலம் எல்லார்க்கும் ஒரேவகையாய்க் கழிவதில்லை என்பதைச் சட்டமே ஒருமுறை ஒப்புக்கொண்டதுண்டு. போரினால் உரிமை கோர இயலாதிருந்தோர்க்கு 1983 மே முதல் 2009 மே வரையுள்ள காலத்தை ஆட்சிக்காலக் கணக்கினின்றும் நீக்கி 2016 இல் 5 ஆம் இலக்கச் சட்டம் இயற்றப்பட்டது. மீள்விளக்கத்துக்குக் காத்திருப்போர்க்கு அத்தகைய கணக்கு எதுவுமில்லை. இறந்த சாட்சியின் பழைய வாக்குமூலத்தைச் சான்றுக் கட்டளைச்சட்டத்தின் 33 ஆம் பிரிவு ஏற்கும் என்பது மெய்யே. ஆனால் ஏட்டிலுள்ள சொல், புதிய கேள்விக்கு விடையிறுக்குமா? அளவையாளரோடு வளவுக்கு வந்து, பட்ட கதியாலைத் தொட்டு ‘இதுதான் எல்லை’ என்று காட்டுமா?

உறுதியை வாசித்துக் கொடுத்தேன். நான்கு எல்லைகளுள் மூன்று, இறந்துபோனவர்களின் பெயரால் குறிக்கப்பட்டவை. நான்காவது, கிழக்கெல்லை, ‘ஒழுங்கை’ என்றிருந்தது. அந்த ஒழுங்கை இப்போது எங்கே என்றேன். வேலிக்குள் அகப்பட்டு நெடுங்காலமாயிற்று என்றும், அதனூடு நடந்து பள்ளிக்குச் சென்ற கிழவர் ஒருவரே முதல் விளக்கத்தில் அதைப்பற்றிச் சாட்சி சொன்னவர் என்றும், அவர் சென்ற ஆண்டு காலமாகிவிட்டார் என்றும் சொல்லி, உறுதியை மடித்து உறையிலிட்டார். மீள்விளக்கத்துக்கு இன்னும் தவணை குறிக்கப்படவில்லை.