பாட்டியின் குட்வில்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வியட்நாம் சமையல் என்றதும் பேப்பர், பேனாவோடு உட்கார்ந்தவர்கள் தயவுசெய்து அவற்றை எடுத்து உள்ளே வைத்துவிடுங்கள். இந்த வாரம் சமையல் குறிப்பு கிடையாது. கோபம்தான் இருக்கிறது. அதில் பாதி என் மேலேயே.

இப்போதெல்லாம் வெளிநாடு போய்வருகிறவர்களுக்குக் கோயில், கோட்டை, ஷாப்பிங் போதுவதில்லை. ‘அங்கே ஒரு குடும்பத்தோட தங்கி, அவங்க பாரம்பரியச் சமையலைக் கத்துக்கிட்டு வந்தோம்’ என்று சொன்னால்தான் ஒரு கெத்து. சொல்லும்போது ‘ஆதென்டிக்’ என்ற வார்த்தை நாலு தடவையாவது வர வேண்டும். நீங்களும் சொல்லியிருப்பீர்கள். நானும் சொன்னவன்தான்.

2023 மார்ச்சில் வியட்நாம் போனேன். முதலில் ஹோய் ஆன். 1999-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த பழைய துறைமுக ஊர். மஞ்சள் சுவர், காகித விளக்கு, ஆற்றங்கரை. தடுக்கி விழுந்தால் சமையல் வகுப்பு. ஒன்றில் 35 டாலர் கட்டிச் சேர்ந்தேன். தலையில் கூம்புத் தொப்பி மாட்டினார்கள். நம்ம ஒகேனக்கல் மாதிரியே ஒரு பரிசலில் ஏற்றிச் சுற்றினார்கள். மார்க்கெட்டைக் காட்டினார்கள். பிறகு ஒரு நீள மேஜை. அதில் அரிந்து, கழுவி, அளந்து வைத்த இருபது கிண்ணங்கள். நான் செய்த ஒரே வேலை, ஒரு கிண்ணத்தில் இருந்ததை இன்னொன்றில் கொட்டியது. மூலையில் ஒரு பாட்டி திருகையோடு உட்கார்ந்திருந்தார். கேமரா தூக்கினால் அரிசி அரைப்பார். இறக்கினால் நிறுத்திவிடுவார். கடைசியில் எனக்கு ‘பாரம்பரிய வியட்நாம் சமையல்’ கற்றதாக ஒரு சர்ட்டிபிகேட்!

மூன்று மணி நேரத்தில் பாரம்பரியம். ஜர்னல் என்ட்ரி போடக் கற்றுக்கொள்ளவே எனக்கு ஒரு செமஸ்டர் ஆனது சார்.

இது டூப்ளிகேட், அசலைத் தேடிப் போவோம் என்று தெற்கே இறங்கினேன். மீகாங் நதி கடலில் கலக்கும் பக்கம், பென் த்ரே. அப்போது தனி மாகாணம். 2025 ஜூலையில் வின் லாங் மாகாணத்தோடு சேர்த்துவிட்டார்கள். எங்கே பார்த்தாலும் தென்னை, வாய்க்கால், வாய்க்காலுக்குக் குறுக்கே பாலம். பொள்ளாச்சிக்காரர்கள் போனால் திரும்பி வர மாட்டார்கள். ஒரு வீட்டில் இரண்டு அறைகளைப் பயணிகளுக்கு விடுகிறார்கள். 78 வயதுப் பாட்டி, அவருடைய மூத்த மகள், கன் தோ நகரில் அக்கவுன்டிங் படிக்கும் பேத்தி. பேத்தி லீவில் வந்திருந்ததால் எனக்கு ஆங்கிலத்தில் வண்டி ஓடியது.

போனவுடன் என் வயதைக் கேட்டார்கள். வம்பு இல்லை, இலக்கணம். அங்கே வயது தெரியாமல் ஒருவரைக் கூப்பிட முடியாது. அண்ணன், தம்பி, மாமா, சித்தப்பா என்று ஏதாவது உறவு வைத்துத்தான் பேச வேண்டும். எனக்கு 46, மகளுக்கு 52. ஆகவே நான் தம்பி, அவர் ‘சீ ஹாய்’. ‘சீ’ என்றால் அக்கா. நம் காதுக்கு விபரீதமாகக் கேட்கும், பழகிக்கொள்ளுங்கள். ‘ஹாய்’ என்றால் இரண்டு. தெற்கு வியட்நாமில் மூத்த பிள்ளையை இரண்டு என்றுதான் எண்ண ஆரம்பிப்பார்கள்.

முதல் நாள் மாலை சீ ஹாய் கேஸ் அடுப்பைப் பற்ற வைத்தார். நான் அசல் தேடி வந்தவனாயிற்றே? “விறகு அடுப்புல செஞ்சு காட்ட முடியுமா?” என்று கேட்டேன். சிரித்துக்கொண்டே வீட்டுக்குப் பின்னால் கூட்டிப்போனார். தென்னை மட்டையும் தேங்காய் மட்டையும் வைத்து மூட்டினார். இளநீரைக் கருக்கக் காய்ச்சிய கரும்பாகு, மீன் சாறு, மிளகு, மிளகாய் எல்லாம் போட்டு மண்சட்டியில் மீன். பக்கத்தில் ‘கான் சுவா’ என்ற புளி சூப். விரால் மீன், புளி, தக்காளி, வெண்டைக்காய், அன்னாசி. பாதிக்கு மேல் நம்ம வீட்டுக் குழம்புச் சாமான். புகை வாசனையோடு பிரமாதமாக இருந்தது. முப்பது போட்டோ எடுத்தேன். அந்த முப்பதில் ஒன்றில்கூட, கண்ணைத் துடைத்துக்கொண்டு இருமியபடி எழுந்துபோன பாட்டி இல்லை. அவர் போனதை நான் பார்த்தேன். போட்டோவில் விழாத மாதிரி கோணத்தை மாற்றிக்கொண்டேன்.

மறுநாள் காலை ஐந்து மணி. தண்ணீர் குடிக்க சமையலறைக்குப் போனேன். எலெக்ட்ரிக் குக்கரில் சோறு, கேஸ் அடுப்பில் சூப். சீ ஹாய் ஒரு டப்பாவிலிருந்து வெள்ளையாக ஏதோ ஒரு சிட்டிகை போட்டார். அஜினோமோட்டோ என்று நாம் சொல்கிறோமே, அது. 1908-ல் இகேடா என்ற ஜப்பானிய விஞ்ஞானி கண்டுபிடித்தது. வியட்நாமில் அது இல்லாத வீடு அபூர்வம். என்னைப் பார்த்ததும் சட்டென்று டப்பாவை அரிசி டின்னுக்குப் பின்னால் தள்ளினார்.

பேத்தியிடம் விசாரித்தேன். “வர்றவங்களுக்குப் பிடிக்கறதில்ல அங்கிள். ‘இது பாரம்பரியம் இல்லை, ஏமாத்தறாங்க’ன்னு எழுதிட்டுப் போயிடறாங்க. அதனால கெஸ்ட் இருக்கறப்போ விறகு அடுப்பு. டப்பா வெளியே வராது. நீங்க போனதும் பழையபடி.”

ஒரு பெண், தன் சொந்தச் சமையலறையில், திருடியைப் போல ஒரு டப்பாவை ஒளிக்கிறார். யாருக்குப் பயந்து? நான்கு நாள் தங்கப்போகிற எனக்குப் பயந்து.

ஹோய் ஆனில் திருகைப் பாட்டியைப் பார்த்து நக்கலடித்தேன் அல்லவா? இங்கே அதே நாடகத்தை நானே ஆர்டர் கொடுத்து நடத்தியிருக்கிறேன். டிக்கெட் வேறு, தியேட்டர் வேறு. படம் அதேதான்.

நம் வீட்டில் மிக்ஸி, கிரைண்டர், குக்கர், அடுப்புக்கு மேலே புகைபோக்கி எல்லாம் இருக்கிறது. ஆனால் அடுத்த நாட்டுப் பெண் மட்டும் புகையில் உட்கார்ந்து ஊத வேண்டும். அப்போதுதான் நமக்கு ஆத்ம திருப்தி. இதற்குப் பெயர் பாரம்பரியத்தின் மீது மரியாதை இல்லை. அவர்கள் முன்னேறிவிட்டால் நம் டூர் போரடித்துவிடுமே என்கிற கவலை.

சரி, பாரம்பரியம் என்கிறோமே, எந்த வருஷத்துப் பாரம்பரியம்? வியட்நாம் என்றாலே நமக்கு ‘ஃபோ’தான். அந்த நூடுல்ஸ் சூப் வடக்கே நாம் தின், ஹனோய் பக்கம் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் உருவானது. பிரெஞ்சுக்காரர்கள் வந்து மாட்டுக்கறிக்குக் கிராக்கி ஏற்படுத்திய காலம். ‘பான் மீ’ ரொட்டி? அதுவும் பிரெஞ்சு வரவு. மிளகாய், தக்காளி, அன்னாசி, வேர்க்கடலை எல்லாம் அமெரிக்கக் கண்டத்திலிருந்து கப்பலேறி வந்தவை.

மூன்றாம் நாள் அந்த வீட்டுத் தாத்தாவின் திதி. படையலில் என்ன வைத்தார்கள் தெரியுமா? ‘கா ரி கா’. கோழிக் கறி! தேங்காய்ப்பால், எலுமிச்சைப் புல், சர்க்கரைவள்ளிக் கிழங்கு, மஞ்சள் மணக்கும் கறிப்பொடி. தொட்டுக்கொள்ள பிரெஞ்சு ரொட்டி. முதல் ‘கா ரி’ நம்முடைய ‘கறி’தான். உலகம் சுற்றி அங்கே போய்ச் சேர்ந்திருக்கிறது. பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் பாண்டிச்சேரி, காரைக்கால்காரர்கள் உத்தியோகத்துக்கும், செட்டிநாட்டுக்காரர்கள் வட்டித் தொழிலுக்கும் சைகோன் போனார்கள். அவர்கள் கும்பிட்ட மாரியம்மன் கோயில் இன்றைக்கும் அந்த நகரத்தின் நடுவில் இருக்கிறது. ஊதுவத்தியோடு வரிசையில் நிற்பவர்கள் பெரும்பாலும் வியட்நாமியர்கள்.

பாட்டியிடம் கேட்டேன்: “இது உங்க பாரம்பரியச் சாப்பாடா?”

என்னை ஒரு மாதிரி பார்த்தார். “எங்கம்மா செஞ்சா. நான் செய்யறேன். அவருக்குப் பிடிக்கும்.”

அவ்வளவுதான். இதைவிட நல்ல விளக்கத்தை எந்தப் பேராசிரியரும் எனக்குச் சொன்னதில்லை. அந்த விளக்கத்தின்படி கேஸ் அடுப்பும் பாரம்பரியம்தான். அரிசி டின்னுக்குப் பின்னால் ஒளிந்த டப்பாவும் பாரம்பரியம்தான்.

விட்டேனா? “நீங்க இளவயசுல செஞ்ச ஐட்டம் ஒண்ணு சொல்லிக்கொடுங்க பாட்டி” என்றேன். “போபோ” என்றார். பேத்திக்கே தெரியவில்லை. பாட்டி விளக்கினார்.

1975-ல் போர் முடிந்தது. பசி முடியவில்லை. ரேஷன் காலம். அரிசி கொழிக்கிற மீகாங் பகுதியிலேயே, ஒரு மாகாணத்திலிருந்து இன்னொன்றுக்குச் சில கிலோ அரிசி கொண்டுபோனால் சோதனைச் சாவடியில் பிடுங்கிக்கொள்வார்கள். ‘ஆற்றை அடை, சந்தையைத் தடை செய்’ என்று ஜனங்கள் அந்தக் காலத்துக்குப் பெயரே வைத்துவிட்டார்கள். சோற்றோடு மரவள்ளி, சர்க்கரைவள்ளி கலப்பார்கள். அதுவும் இல்லையென்றால் போபோ என்கிற முரட்டுத் தானியம். ராத்திரி முழுக்க ஊற வைத்து மணிக்கணக்கில் வேக வைத்தாலும் பல்லுக்கு அடங்காது. வடக்கே கறித்துண்டு இல்லாத ஃபோவுக்கு, ஆளில்லா விமானத்தை நினைத்து ‘பைலட் இல்லாத ஃபோ’ என்று பெயர் வைத்துச் சிரித்தார்கள். 1986-ல் பொருளாதாரக் கொள்கை மாறியது. 1989-லேயே பத்து லட்சம் டன்னுக்கு மேல் அரிசி ஏற்றுமதி செய்தது அதே நாடு.

“பிள்ளைங்களுக்கு அதைத்தான் ஆக்கிப் போட்டேன். கத்துக்கறியாப்பா?” என்று கேட்டுவிட்டுப் பாட்டி சிரித்தார். சீ ஹாய் சிரிக்கவில்லை. அந்தப் பிள்ளைகளில் மூத்தது அவர்தான்.

நான் நோட்டுப் புத்தகத்தைத் திறக்கவில்லை. எந்தச் சமையல் வகுப்பிலும் போபோ கிடையாது. நமக்கு வேண்டிய பாரம்பரியத்தில் மண்சட்டி உண்டு, துளசி வாசனை உண்டு, பொக்கைவாய்ச் சிரிப்பு உண்டு. பசி மட்டும் கிடையாது.

‘என்ன சார், டூரிஸ்ட் போறதாலதானே அவங்களுக்கு வருமானம்?’ என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. நியாயமான கேள்வி. நான் போகாதே என்று சொல்லவில்லை. சீ ஹாய் வீட்டுக் கூரை ஓடு அப்படி வந்த பணத்தில் போட்டதுதான். அதை அவரே பெருமையாகச் சொன்னார். ஆனால், வாடகைக்கு எடுத்தது அறையைத்தானே? அந்த வீட்டுக்காரி எந்த அடுப்பில் சமைக்க வேண்டும் என்று தீர்மானிக்கும் உரிமையும் அதில் சேர்த்தியா?

‘விட்டால் பாரம்பரியம் அழிஞ்சுடுமே’ என்பது அடுத்த புலம்பல். பேத்தியிடம் நானும் புலம்பினேன். “பாட்டிகிட்ட இதெல்லாம் கத்துக்கக் கூடாதா நீ?”

“நீங்க உங்கம்மாகிட்ட கத்துக்கிட்டீங்களா அங்கிள்?”

பதில் இல்லை. என் அம்மா வைக்கும் வத்தக்குழம்பில் கடுகு முதலிலா, வெந்தயம் முதலிலா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. இரண்டாயிரத்துச் சொச்சம் மைல் பறந்துபோய், இன்னொரு வீட்டுப் பெண்பிள்ளையிடம் ‘அடுப்படியை விட்டு நகராதே’ என்று உபதேசம் செய்யப் போய்விட்டேன். “நீங்க சமையல் கத்துக்குங்க, நான் கணக்கு எழுதறேன்” என்று அவள் முடித்துவிட்டாள்.

கணக்கு என்றதும் பி.காம். ஞாபகம் வந்தது. பங்குதாரர் சேர்க்கை என்று ஒரு பாடம். நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் நிறுவனத்தில் புதிதாக ஒருவன் கூட்டாளியாகச் சேர்ந்தால், சும்மா உள்ளே வர முடியாது. பழைய கூட்டாளிகள் இத்தனை வருஷம் உழைத்துச் சம்பாதித்த நல்ல பெயருக்கு, அதாவது குட்வில்லுக்கு, அவன் தன் பங்கைக் கொடுத்தாக வேண்டும். பழையவர்கள் யார் யார் எவ்வளவு விட்டுக்கொடுத்தார்களோ அந்த விகிதத்தில் அது அவர்களுக்குப் போகும். அதற்குப் பெயரே தியாக விகிதம்! மனப்பாடம் செய்து பாஸானேன். அர்த்தம் பென் த்ரேயில்தான் புரிந்தது.

‘பாட்டி கைப்பக்குவம்’ என்று சொல்லி விற்கிறார்களே, அது குட்வில். அதைச் சம்பாதித்தது போபோ ஊற வைத்த கை. ஹோய் ஆனில் நான் கட்டிய 35 டாலரில் திருகைப் பாட்டிக்கு எவ்வளவு போனது என்று நான் கேட்கவே இல்லை. போட்டோ எடுத்தேன், சர்ட்டிபிகேட் வாங்கினேன், வந்துவிட்டேன். தியாகமெல்லாம் அவர் பக்கம், விகிதமெல்லாம் நம் பக்கம்.

நீங்கள் வியட்நாம் போகும்போது கட்டாயம் ஒரு வீட்டில் தங்குங்கள். சமைத்துக் காட்டுகிற கைக்குப் பணம் போகிறதா என்று கேளுங்கள். கீரை கழுவுங்கள், பாத்திரம் தேயுங்கள், அதுவும் சமையல்தான். எந்த அடுப்பில் செய்கிறார்களோ அந்த அடுப்பில் செய்யட்டும். அஜினோமோட்டோ பிடிக்காவிட்டால் உங்கள் கிண்ணத்துக்கு மட்டும் வேண்டாம் என்று சொல்லுங்கள். அவர்கள் பாட்டனுக்குப் பாட்டன் எதைச் சாப்பிட்டான் என்று தீர்ப்பு எழுதாதீர்கள்.

நாலாம் நாள் ராத்திரி, “அக்கா, அந்த டப்பாவை எடுங்க” என்றேன். பேத்தி மொழிபெயர்த்தாள். சீ ஹாய்க்கு முதலில் முகம் சிவந்தது. பிறகு எடுத்து மேஜை மேலேயே வைத்தார். அன்றைக்கு கேஸ் அடுப்பில்தான் சமையல். பாட்டி எங்களோடு கடைசிவரை உட்கார்ந்து சாப்பிட்டார்.

இருமவில்லை.