பாத்ரூமில் வழுக்கி விழுந்தாராம்! நடிகர் தர்ஷன் குடும்ப விவகாரம் சொல்லும் பாடம்

பெங்களூர் விஜயநகர் போலீஸ் நிலையம். 2011-ம் ஆண்டு செப்டம்பர் மாதம். உடம்பெல்லாம் காயத்தோடு ஒரு பெண் புகார் கொடுக்கிறார். புருஷன் அடித்தார், சிகரெட்டால் சுட்டார், துப்பாக்கியைக் காட்டி மிரட்டினார் என்பது புகார்.

புகார் கொடுத்தவர் விஜயலட்சுமி. இவர் நடிகை அல்ல, இல்லத்தரசி. ஆனால் புருஷன் சாதாரண ஆள் இல்லை. கன்னடப் பட உலகில் 'சேலஞ்சிங் ஸ்டார்' என்று ரசிகர்கள் தலையில் தூக்கி வைத்து ஆடிய தர்ஷன். பழைய வில்லன் நடிகர் தூகுதீப சீனிவாசின் மகன். 2002-ல் 'மெஜஸ்டிக்' படத்தில் ஹீரோ ஆனவர். மறு வருடமே விஜயலட்சுமியைக் கைப்பிடித்தார். புகார் வந்தபோது இவர்களுக்கு ஒரு சின்னப் பையன் இருந்தான்.

செப்டம்பர் 9-ந்தேதி தர்ஷன் கைது ஆனார். கொலை முயற்சி, மனைவியைக் கொடுமைப்படுத்துதல் என்று பெரிய பெரிய செக்ஷன்கள் போடப்பட்டன. மாஜிஸ்திரேட்டு உத்தரவுப்படி பரப்பன அக்ரஹாரா ஜெயிலுக்குக் கொண்டு போனார்கள். ஊரே பரபரப்பு. ரசிகர்கள் ரகளை.

அடுத்து நடந்ததுதான் வேடிக்கை. வேடிக்கை என்று சொல்வதா, வேதனை என்று சொல்வதா தெரியவில்லை. ஆஸ்பத்திரியில் இருந்த விஜயலட்சுமி பேச்சை மாற்றினார். புருஷன் அடிக்கவில்லையாம். பாத்ரூமில் வழுக்கி விழுந்ததில் வந்த காயமாம். புகாரே வேண்டாமாம்!

ஸ்டேஷனில் தினமும் கேட்கிற கதை

போலீஸ் நிலையங்களைச் சுற்றுகிற நிருபர்களுக்கு இந்த 'பாத்ரூம்' கதை புதிது அல்ல. ராத்திரி அழுதுகொண்டு வருகிற பெண், காலையில் மாமியார், மாமனார், நாத்தனாரோடு வந்து நிற்பாள். "ஒண்ணுமில்ல சார், தெரியாம எழுதிக் குடுத்துட்டேன்" என்பாள். கண் வீங்கி இருக்கும். ஏட்டய்யா ஒரு தாளில் சமாதானம் எழுதி வாங்கிக் கொண்டு அனுப்பி விடுவார்.

அவள் பொய்க்காரியா? இல்லை. வாடகை யார் கட்டுவது, பிள்ளைக்கு ஸ்கூல் பீஸ் யார் கட்டுவது, தங்கச்சிக்கு வரன் வருமா என்று ராத்திரி முழுக்கக் கணக்குப் போட்டிருப்பாள். கணக்கு உதைக்கும். வாபஸ் வாங்கி விடுவாள்.

பணத்துக்குப் பஞ்சம் இல்லாத விஜயலட்சுமிக்கு வேறு கணக்கு. புருஷனை நம்பிக் கோடிக்கணக்கில் பணம் போட்ட தயாரிப்பாளர்கள், தெருவில் நிற்கிற ரசிகர் பட்டாளம், பையனின் எதிர்காலம். இத்தனையும் ஒருத்தி தலையில் இறங்கினால் என்ன செய்வாள்?

அடித்தவர் ஒருவர், தண்டனை இன்னொருவருக்கா?

இதற்குள் இன்னொரு கூத்து நடந்தது. இந்தக் குடும்பச் சண்டைக்குக் காரணம் நடிகை நிகிதா துக்ரல் என்று பேச்சு கிளம்பியது. நம்ம ஊரில் 'சரோஜா' படத்தில் நடித்தவர். உடனே கன்னடத் தயாரிப்பாளர் சங்கம் கூடியது. நிகிதாவுக்குக் கன்னடப் படங்களில் நடிக்க 3 வருடம் தடை!

கைதானவர் ஹீரோ. அவருக்குத் தடை கிடையாது. புகாரில் அடித்ததாகச் சொல்லப்படாத நடிகைக்குத் தடை. நாலா பக்கமும் கண்டனம் கிளம்பியது. நியாயம் கேட்டு நிகிதாவும் குரல் கொடுத்தார். எதிர்ப்பு வலுத்ததும் அந்த மாதமே தடையை ரத்து செய்தார்கள்.

ஆனாலும் அந்தக் கூட்டத்தில் வெளுத்தது சாயம். வீட்டில் சண்டை என்றால் ஆண்பிள்ளையை விட்டுவிட்டு 'யார் அந்தப் பொம்பளை?' என்று தேடுகிற புத்தி. இது சினிமாக்காரர்களுக்கு மட்டும் சொந்தமான புத்தி அல்ல. நம்ம தெருப் பஞ்சாயத்திலும் இதேதான்.

ஜெயிலில் ஹீரோ, தியேட்டரில் கூட்டம்

மனைவி பல்டி அடித்தும் தர்ஷன் உடனே வெளியே வர முடியவில்லை. கீழ்க்கோர்ட்டில் ஜாமீன் இல்லை. கடைசியில் அக்டோபர் மாதம் ஐகோர்ட்டு ஜாமீன் கொடுத்தது. ஏறக்குறைய 4 வாரம் உள்ளே இருந்தார்.

இந்த இடைவெளியில், செப்டம்பர் 30-ந்தேதி அவர் நடித்த 'சாரதி' படம் ரிலீஸ். தம்பி தினகர் டைரக்ட் செய்த படம். ஹீரோ ஜெயிலில். தியேட்டரில் திருவிழாக் கூட்டம். படம் நல்ல ஓட்டம்.

வெளியே வந்தவரோடு மனைவி சேர்ந்து கொண்டார். 'குடும்பம் ஒன்று சேர்ந்தது' என்று பத்திரிகைகளும் போட்டோ போட்டு மகிழ்ந்தன. அடுத்த வருடம் வந்த 'சங்கொள்ளி ராயண்ணா' படத்துக்குக் கர்நாடக அரசின் சிறந்த நடிகர் விருதும் கிடைத்தது. எல்லாம் சுபம் என்று ஊர் நினைத்தது.

வாபஸ் வாங்கினால் கேஸ் போய்விடுமா?

மனைவியே வேண்டாம் என்ற பிறகும் கோர்ட்டு ஏன் விடவில்லை? இதைத்தான் வாசகர்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

மனைவியைக் கொடுமை செய்தால் 3 வருடம் வரை ஜெயில் என்ற 498-ஏ பிரிவு 1983-ல் வந்தது. 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் இதன் நம்பர் 85. ஸ்டேஷனில் உட்கார்ந்து 'நாங்கள் ராஜி ஆகிவிட்டோம்' என்று எழுதிக் கொடுத்து முடிக்கிற கேஸ் அல்ல இது. எப்.ஐ.ஆர். போட்டுவிட்டால் வழக்கு நடத்துவது மனைவி அல்ல, சர்க்கார். கொலை முயற்சி வழக்கும் அப்படித்தான்.

புருஷன், பெண்டாட்டி நிஜமாகவே சமாதானம் ஆகிவிட்டால் ஐகோர்ட்டுக்குப் போய் ரத்து கேட்கலாம். குடும்பத் தகராறில் அப்படி ரத்து செய்ய ஐகோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு என்று சுப்ரீம் கோர்ட்டு 2003-ல் சொன்னது. அங்கேயும், மிரட்டி வாங்கிய சமாதானமா, மனசார வந்த சமாதானமா என்று பார்க்க வேண்டியது நீதிபதியின் பொறுப்பு.

புருஷனை ஜெயிலில் தள்ள மனசு வராத பெண்ணுக்கும் வழி இருக்கிறது. 2005-ம் வருடத்துக் குடும்ப வன்முறைச் சட்டம். இதில் முதலில் கைது கிடையாது. 'அடிக்காதே' என்று மாஜிஸ்திரேட்டு உத்தரவு போடுவார். குடியிருக்கும் வீட்டை விட்டு அவளைத் துரத்தக் கூடாது. செலவுக்குப் பணம் தரச் சொல்லலாம். உத்தரவை மீறினால்தான் ஒரு வருடம் வரை ஜெயில். ஜெயிலா, சமாதானமா என்ற இரண்டே வழியில் திண்டாடுகிறவளுக்கு இது மூன்றாவது வழி. ஸ்டேஷனில் இதை யார் எடுத்துச் சொல்கிறார்கள்?

மறுபடியும் போலீஸ்

சுபம் போட்ட கதை 2016 மார்ச்சில் மறுபடி தொடங்கியது. தான் குடியிருக்கும் இடத்துக்கு வந்து தர்ஷன் ரகளை செய்வதாக விஜயலட்சுமி மீண்டும் போலீசை நாடினார். இந்தத் தடவை கைது இல்லை. கூப்பிட்டுப் பேசினார்கள். மறுபடி சமாதானம்.

2024 ஜூன் 11-ந்தேதி வந்தது பெரிய இடி. சித்ரதுர்காவைச் சேர்ந்த ஓர் இளைஞர் பெங்களூரில் அடித்துக் கொல்லப்பட்ட வழக்கில் தர்ஷன் கைது. நடிகை பவித்ரா கவுடாவுக்கு அந்த இளைஞர் ஆபாசச் செய்திகள் அனுப்பியதுதான் காரணம் என்பது போலீஸ் தரப்பு. மொத்தம் 17 பேர் மீது வழக்கு. பவித்ரா முதல் எதிரி, தர்ஷன் இரண்டாம் எதிரி. இருவரும் குற்றத்தை மறுக்கிறார்கள். உண்மை எது என்று கோர்ட்டுதான் சொல்ல வேண்டும்.

அப்போது போலீஸ் கமிஷனர் பேட்டியில் பவித்ராவை தர்ஷனின் மனைவி என்று குறிப்பிட்டு விட்டார். விஜயலட்சுமி விடவில்லை. சட்டப்படி மனைவி தான் ஒருத்திதான், போலீஸ் ரிக்கார்டில் திருத்துங்கள் என்று கமிஷனருக்கே கடிதம் எழுதினார்!

எந்தப் புருஷன் மீது புகார் கொடுத்தாரோ, அதே புருஷனுக்காகக் கோயில் கோயிலாக ஏறினார். ஜெயிலுக்குள் சேர் போட்டு உட்கார்ந்து தர்ஷன் சிகரெட் பிடிக்கும் போட்டோ வெளிவந்து, பல்லாரி ஜெயிலுக்கு மாற்றியபோது அங்கேயும் போய்ப் பார்த்தார்.

2024 டிசம்பரில் ஐகோர்ட்டு ஜாமீன் கொடுத்தது. 2025 ஆகஸ்ட் 14-ந்தேதி நீதிபதிகள் பர்திவாலா, நம்ம தமிழ்நாட்டு மகாதேவன் ஆகியோர் கொண்ட சுப்ரீம் கோர்ட்டு பெஞ்சு அதை ரத்து செய்தது. எவ்வளவு பெரிய ஆளாக இருந்தாலும் சட்டத்துக்கு மேலே இல்லை என்று அடித்துச் சொன்னது. மறுபடி ஜெயில். 2025 டிசம்பரில் 'தி டெவில்' படம் வந்தபோது ஹீரோ உள்ளே. விளம்பர வேலைக்கு முன்னால் நின்றவர் விஜயலட்சுமி. 2011-ல் 'சாரதி', 2025-ல் 'டெவில்'. பதினாலு வருடம் கழித்து அதே காட்சி!

யாரைக் குற்றம் சொல்வது?

'இவ்வளவு பட்டும் ஏன் ஒட்டிக் கொண்டிருக்கிறாள்?' என்று டீக்கடையில் கேட்கிறார்கள். அது அந்த அம்மாளின் சொந்த முடிவு. அதைக் கேட்க நமக்கு உரிமை இல்லை.

நாம் கேட்க வேண்டியது வேறு. 2011-ல் சமாதானத்துக்கு ஓடியவர்களில் எத்தனை பேர், 'இனி கை நீட்ட மாட்டேன்' என்று அவர் வாயால் சொல்ல வைத்தார்கள்? விசில் அடித்த ரசிகர்களில் எத்தனை பேர் அந்தக் காயங்களை நினைத்தார்கள்? கோபத்தைக் கையில் காட்டுகிறவனை ஊரே சேர்ந்து 'பரவாயில்லை' என்று தட்டிக் கொடுத்தால், அவன் எதைக் கற்றுக் கொள்வான்?

தம்பதிகள் சேருவது நல்லதுதான். ஆனால் அடித்தவன் தலை குனிந்து சேர வேண்டும். அடிபட்டவள் பொய் சொல்லிச் சேரக் கூடாது.

உங்கள் பக்கத்து வீட்டிலும் ஒருத்தி 'பாத்ரூமில் விழுந்துட்டேன்' என்று சொல்லக் கூடும். நம்பாதீர்கள். 181 என்று பெண்கள் உதவி போன் இருக்கிறது. நம்பரை மட்டுமாவது அவள் காதில் போட்டு வையுங்கள்.