கப்பலுக்கு ஏது போலீஸ் வெரிஃபிகேஷன்?

திருவொற்றியூர் குப்பத்தில் எனக்கு ஒரு நண்பர் இருக்கிறார். ஃபைபர் படகு வைத்திருக்கிறார். மகனைக் கடலுக்கு அனுப்பக் கூடாது என்பதில் வைராக்கியமாக இருப்பவர். பையன் ஐ.டி.ஐ. முடித்துவிட்டு, சரக்குக் கப்பலில் வேலைக்குப் போகலாம் என்று பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்திருக்கிறான். கப்பல் வேலை என்றால் பரவாயில்லையாம். அது வேற கடல்!

போலீஸ் வெரிஃபிகேஷன் நடந்தது. பக்கத்து வீட்டுக்காரர் இரண்டு பேரின் பெயரைக் கேட்டார்கள். ரேஷன் கார்டு, ஆதார், பள்ளிக்கூட டி.சி. எல்லாம் பார்த்தார்கள். தெரு முனை டீக்கடையில் பையன் எப்படி என்று விசாரித்தார்கள். கடைசியில் ஒரு கேள்வி. 2023 டிசம்பரில் எண்ணூர் பெரியகுப்பத்தில் கடலுக்குள் போகும் குழாயிலிருந்து அமோனியா கசிந்து ஊரே நள்ளிரவில் ஓடியதே, அதற்குப் பிறகு நடந்த போராட்டத்தில் போய் உட்கார்ந்தாயா?

உட்கார்ந்தானாம். கேஸ் எதுவும் இல்லை. சும்மா கேட்டார்களாம்.

"இன்னாத்துக்கு சார் அவ்ளோ கேள்வி? ஒரு பாஸ்போர்ட்டுக்கு?" என்றார் நண்பர்.

போராட்டத்தைப் பற்றிக் கேட்டது அநியாயம், மற்றதெல்லாம் நியாயம்தான் என்றேன். அரசாங்க முத்திரை குத்திய புத்தகத்தை ஒருத்தன் கையில் கொடுக்கும்போது அவன் யார் என்று பார்க்க வேண்டாமா? நான் பி.காம். படித்தவன். கடன் கொடுக்குமுன் ஆளைப் பார் என்பதுதான் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்த அரிச்சுவடி. டூவீலர் லோனுக்கே ஜாமீன் கேட்கிற நாடு இது.

அவர் கொஞ்ச நேரம் வலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார்: "சரி சார். சிலோன் நேவிக்குக் கப்பலே குடுத்தாங்களே. அப்போ டீக்கடைல யாரு போயி விசாரிச்சது?"

பதில் சொல்லத் தெரியாமல் வீட்டுக்கு வந்தேன். அதனால்தான் இந்தக் கட்டுரை.

கதை நம் வாசலில்தான் தொடங்குகிறது. எண்ணூர் கழிமுகத்தைத் தாண்டினால் காட்டுப்பள்ளி. அங்கே எல் அண்ட் டி கப்பல் கட்டும் தளம் இருக்கிறது. இந்தியக் கடலோரக் காவல்படைக்காக அங்கே கட்டப்பட்ட ரோந்துக் கப்பல்களில் ஒன்றின் பெயர் வராஹா, இன்னொன்றின் பெயர் விக்ரஹா. 2019-லும் 2021-லும் சென்னைத் துறைமுகத்தில் பாதுகாப்பு அமைச்சர் ராஜ்நாத் சிங் வந்து படையில் சேர்த்துவைத்தார். பேப்பரில் படம் பார்த்திருப்பீர்கள்.

இவை புதுப் பெயர்கள் இல்லை. பழைய வராஹா ஒன்று இருந்தது. 2006-ல் அதை இலங்கைக் கடற்படைக்குக் குத்தகைக்கு விட்டோம். அங்கே போய் 'சாகர' என்று பெயர் மாற்றிக்கொண்டது. பழைய விக்ரஹாவும் அதே வழியில் குத்தகைக்குப் போனது. 2015-ல் வராஹாவை, போனால் போகிறது என்று, நிரந்தரமாகவே கொடுத்துவிட்டோம். 2017-ல் வருணா என்ற கப்பலை இலங்கைக் கடலோரக் காவல்படைக்குக் கொடுத்தோம். 2022 ஆகஸ்ட் 15 அன்று, நம் சுதந்திர தினத்தில், ஒரு டார்னியர் கண்காணிப்பு விமானம். இலங்கை அதிகாரிகளுக்கு நம் ராணுவக் கல்லூரிகளில் பயிற்சி கொடுப்பதோ வருஷா வருஷம் நடக்கிறது.

கொடுக்கலாமா கூடாதா என்பது ஒரு கேள்வி. கொடுக்குமுன் என்ன கேட்டோம் என்பது வேறு கேள்வி. நான் இரண்டாவதைத்தான் கேட்கிறேன்.

2006-க்கே போவோம். அந்த வருஷம் மே 13-ம் தேதி இரவு, யாழ்ப்பாணத்துக்குப் பக்கத்தில் அல்லைப்பிட்டி என்ற ஊரில் 13 தமிழர்கள் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். அதில் கைக்குழந்தையும் உண்டு. சம்பவ இடத்தில் கடற்படையினர் இருந்ததாக நம்பத்தகுந்த தகவல் வந்திருப்பதாக அம்னெஸ்டி அமைப்பு அப்போதே சொன்னது. அந்தக் கடற்படைக்குத்தான் அதே வருஷம் வராஹா.

அடுத்தது இன்னும் மோசம். 2008, 2009-ல் கொழும்பிலும் சுற்றுப்புறத்திலும் 11 இளைஞர்கள் கடத்தப்பட்டார்கள். பெரும்பாலும் தமிழர்கள். பணம் பறிப்பதற்காகக் கடத்தி, திருகோணமலை கடற்படைத் தளத்தில் வைத்திருந்ததாகக் குற்றச்சாட்டு. அவர்கள் திரும்பி வரவே இல்லை. வழக்குப் போட்டது புலி ஆதரவாளர்கள் யாரும் இல்லை, இலங்கையின் சி.ஐ.டி. போலீஸ். கடற்படைத் தளபதியாக இருந்த வசந்த கரன்னாகொடவே குற்றவாளிப் பட்டியலில் 14-வது ஆளாகச் சேர்க்கப்பட்டார். 2021-ல் அவர் மீதான வழக்கைத் தொடரப் போவதில்லை என்று இலங்கை அட்டர்னி ஜெனரல் முடிவெடுத்தார். ஆனால் 2023-ல் அமெரிக்கா அவருக்குக் கதவைச் சாத்தியது. 2025 மார்ச்சில் பிரிட்டன் அவர் மீது தடை விதித்தது.

நாம் 2015-ல், சி.ஐ.டி. இந்த வழக்கைத் தோண்டிக்கொண்டிருந்தபோது, குத்தகைக் கப்பலை அதே கடற்படைக்குப் பரிசாக மாற்றினோம். வழக்கு எந்த நிலையில் இருக்கிறது என்று ஒரு வரி கேட்டோமா? கேட்டிருக்க வேண்டும் என்று நம் சட்டத்தில் எங்கேயும் இல்லை.

அமெரிக்காவில் இருக்கிறது. வெர்மான்ட் மாநில செனட்டராக இருந்த பேட்ரிக் லேஹி 1990-களின் கடைசியில் கொண்டுவந்தது. லேஹி சட்டம் என்றே பெயர். விஷயம் ரொம்ப எளிமை. வெளிநாட்டு ராணுவத்துக்கோ போலீஸுக்கோ அமெரிக்கா பணமோ பயிற்சியோ கொடுப்பதாக இருந்தால், வாங்கப்போகிற பிரிவின் பெயரைக் கேட்கும். பயிற்சிக்கு வருகிற ஆளின் பெயரைக் கேட்கும். அந்தப் பிரிவு சட்டவிரோதக் கொலை, சித்திரவதை, ஆளைக் காணாமலடிப்பது, பாலியல் வன்கொடுமை இதில் எதையாவது செய்ததாக நம்பத்தகுந்த தகவல் இருந்தால், காசு கிடையாது. கோர்ட்டில் நிரூபணமாக வேண்டும் என்றுகூட இல்லை. நம்பத்தகுந்த தகவல் போதும். தப்பு செய்தவர்கள் மீது அந்த அரசாங்கம் உருப்படியாக நடவடிக்கை எடுத்தால், கதவு மறுபடி திறக்கும்.

இந்தக் கடைசி வரிதான் எனக்குப் பிடித்தது. கடனை அடை, மறுபடி வா என்று சொல்கிற நல்ல பேங்க் மேனேஜர் மாதிரி.

உடனே அமெரிக்காவுக்குப் பல்லக்குத் தூக்குகிறான் என்று கடிதம் எழுதிவிடாதீர்கள். அந்தச் சட்டத்தை அமெரிக்காவே எப்படி மதிக்கிறது என்று எனக்கும் தெரியும். 2024-ல் ஐந்து இஸ்ரேலியப் படைப்பிரிவுகள் மனித உரிமை மீறல் செய்ததாக அமெரிக்க வெளியுறவுத் துறையே ஒப்புக்கொண்டது. ஒன்றுக்குக்கூட உதவி நிற்கவில்லை. சரிசெய்துவிட்டார்கள் என்று சர்டிஃபிகேட் கொடுத்தாயிற்று. இலங்கைக் கடற்படைக்கு அமெரிக்காவும் கப்பல் கொடுத்திருக்கிறது, ஒன்றல்ல, பல. ஆனால் சட்டம் என்று ஒன்று இருப்பதால்தான், மீறும்போது 'மீறுகிறாய்' என்று அந்த ஊர்ப் பத்திரிகைக்காரன் கத்த முடிகிறது. இங்கே எதை மீறினார்கள் என்று நான் கத்துவது?

ஐ.நா. சபைக்கும் அமைதிப்படை ஆட்களைப் பார்த்து எடுக்கிற பொறுப்பு உண்டு. சூடுபட்டுத்தான் கற்றுக்கொண்டது. ஹைட்டிக்குப் போன இலங்கைப் படையினர் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் பாலியல் சுரண்டல் புகாரில் 2007-ல் திருப்பி அனுப்பப்பட்டார்கள். 2019-ல் சவேந்திர சில்வா இலங்கை ராணுவத் தளபதியானபோது, இனி இலங்கை ராணுவத்தை அமைதிப்படைக்கு எடுப்பதை நிறுத்திவைக்கிறோம் என்று ஐ.நா. சொன்னது. 2009-ல் வன்னியில் 58-வது டிவிஷனை நடத்தியவர் அவர். மறு வருஷம் அமெரிக்கா அவருக்கும் விசா கிடையாது என்றது.

நாம்? ஆயுத வர்த்தக ஒப்பந்தம் 2013 ஏப்ரலில் ஐ.நா.வில் ஓட்டெடுப்புக்கு வந்தபோது 154 நாடுகள் ஆதரித்தன. இந்தியா ஓட்டுப் போடாமல் உட்கார்ந்திருந்தது. சித்திரவதைக்கு எதிரான ஒப்பந்தத்தில் 1997-ல் கையெழுத்துப் போட்டோம், இன்னும் உறுதி செய்யவில்லை. ரோஹிங்யாக்களை விரட்டியடித்த மியான்மர் ராணுவத்துக்கு 2020-ல் நீர்மூழ்கிக் கப்பலே கொடுத்தோம். நாலே மாதத்தில் அந்த ராணுவம் சொந்த நாட்டு ஆட்சியைக் கவிழ்த்தது. இஸ்ரேலுக்கு ஆயுத ஏற்றுமதியை நிறுத்தச் சொல்லிப் போட்ட வழக்கை 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம், வெளியுறவுக் கொள்கை எங்கள் வேலை இல்லை என்று தள்ளுபடி செய்தது. கோர்ட்டைக் குறை சொல்ல மாட்டேன். சட்டமே இல்லாத இடத்தில் ஜட்ஜ் எதைப் புரட்டிப் பார்ப்பார்?

டெல்லியை இவ்வளவு திட்டியாயிற்று. இப்போது நம் வீட்டுக்கு வருகிறேன்.

2012 ஜூலையில் தாம்பரம் விமானப்படைத் தளத்தில் இலங்கை விமானப்படையினர் ஒன்பது பேர் பயிற்சி பெறுகிறார்கள் என்று தெரிந்தது. ஜெயலலிதா பொங்கினார். எல்லாக் கட்சிகளும் பொங்கின. டெல்லி என்ன செய்தது? ஒன்பது பேரையும் பெங்களூரு எலஹங்காவுக்கு மாற்றியது. நாம் வெற்றி, வெற்றி என்று பட்டாசு வெடித்தோம்.

என்ன வெற்றி? தாம்பரத்தில் கற்றுக்கொண்டால் குற்றம், எலஹங்காவில் கற்றுக்கொண்டால் பரவாயில்லையா? குண்டு போடக் கற்றுக்கொள்பவனுக்கு ரன்வே எந்த மாநிலத்தில் இருந்தால் என்ன? அந்த ஒன்பது பேரின் பெயர் என்ன, 2009-ல் எந்தப் பிரிவில் இருந்தார்கள் என்று ஒரு தலைவர் கேட்டு நான் பார்க்கவில்லை. விமானத்தைத் தொட்டே பார்க்காத தரைப் பணியாளர்களாகக்கூட இருந்திருக்கலாம். வன்னியில் பறந்தவர்களாகவும் இருந்திருக்கலாம். இரண்டுக்கும் வித்தியாசம் கிடையாதா?

அதே செப்டம்பரில் சென்னைக்கு வந்த இலங்கைப் பள்ளிப் பையன்களின் ஃபுட்பால் டீமைத் திருப்பி அனுப்பினோம். விளையாட அனுமதித்த அதிகாரியை சஸ்பெண்ட் செய்தோம். பூண்டி மாதா கோயிலுக்கு வந்த இலங்கை யாத்ரீகர்களின் பஸ் மீது கல் எறிந்தோம். ஆளைப் பார்க்காமல் கொடுப்பது டெல்லியின் பழக்கம் என்றால், ஆளைப் பார்க்காமல் அடிப்பது நம் பழக்கமாக இருக்கிறது. 2013 மார்ச்சில் இலங்கையை நட்பு நாடு என்று சொல்லாதே என்று சட்டமன்றத்தில் தீர்மானம் போட்டோம். டெல்லி அதை ஃபைலில் வைத்துவிட்டது. 'பெயரைக் கேட்காமல் கொடுக்காதே, அதற்குச் சட்டம் போடு' என்று தீர்மானம் போட்டிருந்தால் ஃபைலில் வைக்க இவ்வளவு சுலபமாக இருந்திருக்காது. ஏனென்றால் அதற்குப் பதில் சொல்ல வேண்டும்.

நீங்கள் கேட்காவிட்டால் சீனாக்காரன் கேட்காமல் கொடுப்பான் என்பார்கள். கொடுக்கத்தான் செய்கிறான். 2019-ல் போர்க்கப்பலே சும்மா கொடுத்தான். அம்பாந்தோட்டையை 99 வருஷத்துக்கு எடுத்துக்கொண்டான். எதிர்க்கடைக்காரன் விசாரிக்காமல் கடன் கொடுக்கிறான் என்று நானும் கொடுத்தால் அதற்குப் பெயர் வியாபாரமா? சாயங்காலம் கடையைப் பூட்டிக்கொண்டு போகலாம்.

இன்னொன்றும் சொல்லிவிட வேண்டும். நம் விசைப்படகுகள் எல்லை தாண்டிப் போய் இழுவைமடி போட்டு யாழ்ப்பாணத் தமிழ் மீனவனின் கடலை வழித்துக்கொண்டு வருவது உண்மை. அவன் வலையும் அறுபடுகிறது. 2024 ஜூனில் நம் படகு ஒன்றைப் பிடிக்கும்போது இலங்கைக் கடற்படைச் சிப்பாய் ஒருவர் செத்துப்போனார். அவருக்கும் வீடு வாசல் உண்டு. பிடிக்கட்டும், கேஸ் போடட்டும். சுடுவதற்கு எந்தச் சட்டத்திலும் இடமில்லை. 2025 ஜனவரி 28-ல் நெடுந்தீவுக்குப் பக்கத்தில் சுட்டார்கள். படகில் 13 பேர், இரண்டு பேருக்குப் பலத்த காயம். டெல்லி இலங்கைத் தூதரைக் கூப்பிட்டுக் கண்டித்தது. பத்து வாரம்கூட ஆகவில்லை, ஏப்ரல் 5-ம் தேதி கொழும்பில் பிரதமர் மோடி போயிருந்தபோது இரு நாடுகளும் பாதுகாப்பு ஒத்துழைப்பு ஒப்பந்தம் போட்டன. அன்றைக்கு அதன் முழு வாசகம்கூட வெளியாகவில்லை. நெடுந்தீவில் சுட்ட படகு எந்தப் பிரிவைச் சேர்ந்தது, அந்தப் பிரிவிலிருந்து இங்கே பயிற்சிக்கு யாராவது வருகிறார்களா?

இந்தக் கேள்விக்கு ராயபுரத்துக்காரனுக்கு இன்னொரு உரிமையும் உண்டு. 1990 மார்ச்சில் இந்திய அமைதிப்படை இலங்கையிலிருந்து கப்பலில் திரும்பி வந்தது சென்னைத் துறைமுகத்துக்குத்தான். முதல்வர் கருணாநிதி வரவேற்கப் போகவில்லை. 1987 தீபாவளி அன்று யாழ்ப்பாணம் ஆஸ்பத்திரிக்குள் நோயாளிகளும் டாக்டர்களும் நர்ஸுகளும் கொல்லப்பட்டதை அவர் மறக்கவில்லை. நம் படையின் கணக்கையே நாம் இன்னும் எழுதவில்லை. அடுத்தவன் படையை விசாரிக்க ஆரம்பித்தால் நம் நோட்டையும் திறக்கச் சொல்வார்களே என்ற பயம்தான் டெல்லிக்கு என்று நினைக்கிறேன். சொல்லட்டும். திறப்போம்.

இதற்கெல்லாம் சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டாம். தமிழ்நாட்டிலிருந்து 39 எம்.பி.க்கள் மக்களவைக்குப் போகிறார்கள். ஒருவர், ஒரே ஒருவர், ஒரு கேள்வி எழுதிக் கொடுக்கலாம். இந்தியாவில் பயிற்சி பெறும் வெளிநாட்டுப் படையினரின் கடந்த காலத்தை யார் சரிபார்க்கிறார்கள்? எந்தப் படிவத்தில்? இதுவரை எத்தனை பேர் நிராகரிக்கப்பட்டார்கள்? மூன்று வரி. வடசென்னை எம்.பி.யே கேட்டால் நன்றாக இருக்கும். கப்பல் கட்டுகிற தளம் இருக்கும் திருவள்ளூர் எம்.பி. கேட்டாலும் சரி.

நண்பர் நேற்று போன் செய்தார். பாஸ்போர்ட் இன்னும் வரவில்லையாம். சாட்சி சொல்ல வேண்டிய பக்கத்து வீட்டுக்காரர் ஊருக்குப் போயிருக்கிறார், அவர் வந்தபிறகு இன்னொரு தடவை வருவார்களாம்.