சுவரில் செருகும் பெட்டி சுத்தக் காற்றைத் தருமா?

காற்றுக்கும் கடை விரித்துவிட்டார்கள்!

உள்ளங்கை அளவில் ஒரு பிளாஸ்டிக் பெட்டி. சுவரிலுள்ள பிளக்கில் செருகிவிட்டால் போதுமாம். தூசி மறையுமாம், புகை கலையுமாம், துர்நாற்றம் தீருமாம், இழுப்பு நோய் அடங்குமாம். அருவிக் கரையில் வீசும் காற்று அப்படியே அறைக்குள் வந்துவிடுமாம். ‘அயனைசர்’ என்று அதற்குப் பெயர். விலை சில நூறு ரூபாயிலிருந்து சில ஆயிரம் ரூபாய் வரை.

இந்தப் பெட்டி பங்களாவாசிகளின் படுக்கையறையோடு நின்றிருந்தால் நாம் இதைப் பற்றி ஒரு வரிகூட எழுதியிருக்க மாட்டோம். பணம் கொழுத்தவன் எதை வாங்கி ஏமாந்தால் நமக்கென்ன? ஆனால் இன்று செல்போனைத் திறந்தால் இந்த விளம்பரம் கண்ணில் படுகிறது. பஞ்சுத் தூசியில் இருமி இளைத்த ஆலைத் தொழிலாளியும், குழந்தை மூச்சுக்குத் திணறுவதைக் கண்டு தவிக்கும் தாயும், ‘இதையாவது வாங்கிப் பார்ப்போமே’ என்று கூலிப் பணத்தை எடுத்து நீட்டும் நிலை வந்திருக்கிறது. ஆகவே கேட்கிறோம்: இந்தப் பெட்டி செய்வது என்ன? செய்யாதது என்ன? இதனால் லாபம் யாருக்கு?

பெட்டிக்குள் நடப்பது என்ன?

இதில் மந்திரம் ஒன்றும் இல்லை. பெட்டிக்குள் ஊசிமுனை போன்ற ஒரு கம்பி இருக்கிறது. அதில் சில ஆயிரம் வோல்ட் மின்னழுத்தம் ஏற்றப்படுகிறது. முனையிலிருந்து கசியும் மின்சாரம் பக்கத்துக் காற்றில் ஏறிக்கொள்கிறது. இப்படி மின்னேறிய காற்று அணுக்கூட்டத்தைத்தான் அயனி என்கிறார்கள். அயனி தூசியில் ஒட்டுகிறது. மின்னேறிய தூசி சுவரிலோ, தரையிலோ, பாயிலோ, துணியிலோ போய் ஒட்டிக்கொள்கிறது.

அவ்வளவுதான்! காற்றில் மிதந்த தூசி சுவருக்குக் குடிபெயர்ந்தது. வீட்டை விட்டு அது வெளியேறவில்லை. துடைப்பத்தை எடுத்தால், பாயை உதறினால், குழந்தை ஓடி விளையாடினால் அதே தூசி மறுபடியும் எழும்பும். குப்பையை முறத்தில் வாராமல் மூலைக்குத் தள்ளி வைப்பவளை நம் வீட்டுக் கிழவிகூடக் கண்டிப்பாள். அதே வேலையை மின்சாரம் செய்தால் மட்டும் அது சுத்தமாகிவிடுமா?

நாளடைவில் பெட்டியைச் சுற்றியுள்ள சுவர் கறுத்துப் போகும். ‘பாருங்கள், எவ்வளவு அழுக்கைப் பிடித்திருக்கிறது!’ என்று விற்பவன் அதையே அத்தாட்சியாகக் காட்டுவான். நாமும் அத்தாட்சி என்றுதான் சொல்கிறோம். அழுக்கு இன்னும் உங்கள் வீட்டிலேயே இருக்கிறது என்பதற்கு அத்தாட்சி!

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். இந்தச் சின்னப் பெட்டிகளில் பெரும்பாலானவற்றில் விசிறி கிடையாது. அறையின் காற்றை இழுத்து வடிகட்டி வெளியே விடும் சக்தி அவற்றுக்கு இல்லை. பலமான யந்திரம், மிகச் சிறிய மூடிய அறை என்றால் மிதக்கும் தூசி கொஞ்சம் குறையும். அதை நாம் மறுக்கவில்லை. ஆனால் கதவு திறந்து மூடும் வீட்டில், அடுப்பு எரியும் வீட்டில் அது என்ன செய்துவிடும்? நாற்றமும் கரியமில வாயுவும் ஆளைக் கொல்லும் கார்பன் மோனாக்சைடும் வாயுக்கள். தூசியைப் போல அவற்றைச் சுவரில் ஒட்டவைக்க இந்தப் பெட்டியால் முடியாது.

‘விஞ்ஞானம்தானே?’ என்பவர்களுக்கு

‘மின்சாரத்தால் தூசியைப் பிடிப்பது விஞ்ஞானம் ஒப்புக்கொண்ட முறைதானே? ஆலைகளின் புகைபோக்கிகளில் அதைத்தானே வைத்திருக்கிறார்கள்?’ என்று சிலர் கேட்கிறார்கள். நல்ல கேள்வி. பதிலும் இருக்கிறது.

அமெரிக்காவில் கலிபோர்னியா பல்கலைக் கழகத்தில் ரசாயனம் போதித்த பிரடெரிக் காட்ரெல் என்ற விஞ்ஞானி 1907-ம் ஆண்டு வாக்கில் அந்த யந்திரத்தைச் செயல்படுத்திக் காட்டினார். அதே மாகாணத்தின் ரிவர்சைடு பகுதியில் சிமெண்ட் ஆலைத் தூசி ஆரஞ்சுத் தோட்டங்களில் படிந்து பயிரைக் கெடுத்தது. தோட்டக்காரர்கள் வழக்காடினார்கள். அந்த ஆலையில் காட்ரெலின் யந்திரம் வந்து அமர்ந்தது. அதில் மின்னேற்றும் கம்பி மட்டும் இல்லை. எதிரே தூசியைப் பிடித்து வைக்கும் தகடுகளும் உண்டு. தகட்டில் சேர்ந்த தூசியைத் தட்டி, அள்ளி, அப்புறப்படுத்துவார்கள். அதுதான் யந்திரத்தின் உயிர்நாடி.

நம் தலையில் கட்டும் பெட்டியிலோ பெரும்பாலும் அந்தத் தகடு கிடையாது. பாதி யந்திரத்தை விற்கிறார்கள்! மீதிப் பாதிக்கு உங்கள் சுவர்தான் தகடு. நீங்கள் அருகே அமர்ந்திருந்தால் உங்கள் மேனியும் மூச்சுக் குழலும் தகடு.

காட்ரெலைப் பற்றி இன்னொரு செய்தியும் சொல்ல வேண்டும். தன் கண்டுபிடிப்பின் உரிமையைக் கொண்டு அவர் கோடீஸ்வரராகி இருக்கலாம். அவரோ 1912-ல் ஒரு ஆராய்ச்சி நிறுவனத்தை அமைத்து, வந்த வருமானம் விஞ்ஞான ஆராய்ச்சிக்கே போகும்படி செய்தார். அத்தகைய மனிதரின் விஞ்ஞானத்தைப் பாதியாக வெட்டி, பளபளக்கும் அட்டையில் சுற்றி விற்பதற்குப் பெயர் விஞ்ஞானமா, வியாபாரமா?

தூசிக்குப் பதில் ஓசோன்!

பயனில்லை என்பதோடு விஷயம் முடிந்திருந்தால் காசு நஷ்டத்தோடு போயிருக்கும். கேடும் இருக்கிறது. ஊசிமுனையில் கசியும் மின்சாரம் காற்றிலுள்ள பிராணவாயுவை உடைத்து ஓசோன் என்ற வாயுவாக மாற்றுகிறது. இடி மின்னலுக்குப் பிறகு மூக்கில் ஏறும் காரமான வாடை இருக்கிறதே, அது ஓசோன் வாடைதான். ‘ஆகா, மழைக் காற்று!’ என்று மகிழ வேண்டாம்.

வானத்தின் உச்சியில் இருக்கும் ஓசோன் வெயிலின் கொடுமையைத் தடுத்து நம்மைக் காக்கிறது. அதே ஓசோன் மூச்சுக்குள் போனால் நுரையீரலை அரிக்கிறது, இருமலை எழுப்புகிறது, மார்பை இறுக்குகிறது, ஆஸ்துமாவைக் கிளப்பிவிடுகிறது. ரப்பரையே வெடிக்கச் செய்யும் வாயு அது. எலுமிச்சை வாசனையூட்டிய தரை துடைக்கும் திரவங்களின் ஆவியோடு ஓசோன் சேர்ந்தால் பார்மால்டிஹைடு என்ற நச்சும், கண்ணுக்குத் தெரியாத நுண்துகள்களும் புதிதாகப் பிறக்கின்றன. சுத்தம் செய்ய வந்த யந்திரம் புது அழுக்கை உற்பத்தி செய்கிறது!

எல்லாப் பெட்டியும் ஒரே அளவில் ஓசோனை விடுவதில்லை. சில குறைவாக விடும். சில அதிகமாக விடும். அட்டையைப் பார்த்து உழைப்பாளி இதை எப்படி அறிவான்? கலிபோர்னியா மாகாணம் 2006-ல் சட்டம் இயற்றி, வீட்டுக் காற்றுச் சுத்திகரிப்பு யந்திரம் எதுவும் நூறு கோடிக்கு 50 பங்குக்கு மேல் ஓசோன் வெளியிடக் கூடாது என்றும், சோதனையில் தேறிச் சான்று பெற்றவற்றையே 2010 அக்டோபர் முதல் விற்கலாம் என்றும் விதித்தது. கேடில்லாத பெட்டி என்றால் சட்டம் எதற்கு?

‘இழுப்பு நோய்க்கு நல்லது’ என்ற பிரசாரத்தின் கதி என்ன? மருத்துவச் சோதனைகளைத் திரட்டி ஆராயும் காக்ரேன் என்ற சர்வதேச அமைப்பு, ஆஸ்துமா நோயாளிகளிடம் இந்த அயனி யந்திரங்களால் பயன் விளைந்ததற்கு ஆதாரம் இல்லை என்று கூறிவிட்டது. ஆகவே பெட்டியை நம்பி, டாக்டர் கொடுத்த மருந்தை யாரும் நிறுத்திவிடக் கூடாது. இதை அழுத்தமாகச் சொல்கிறோம்.

உண்மை சொன்னவர் மீது வழக்கு!

அமெரிக்காவில் ஷார்ப்பர் இமேஜ் என்ற கம்பெனி ‘அயானிக் பிரீஸ்’ என்ற பெயரில் இத்தகைய யந்திரத்தை விற்றுக் கொழுத்தது. அதில் தூசி பிடிக்கும் தகடு இருந்தது. ஆனால் காற்றை இழுக்க விசிறி இல்லை. நுகர்வோர் சங்கம் நடத்தும் கன்சூமர் ரிப்போர்ட்ஸ் பத்திரிகை அதை மற்ற யந்திரங்களோடு வைத்துச் சோதித்து, காற்றைச் சுத்தம் செய்வதில் பயனற்றது என்று எழுதியது. கம்பெனி என்ன செய்தது? யந்திரத்தைத் திருத்தியதா? இல்லை. 2003-ல் பத்திரிகை மீது வழக்குத் தொடுத்தது! 2004-ல் நீதிமன்றம் அந்த வழக்கைத் தள்ளியது. 2005-ல் அதே பத்திரிகை, இத்தகைய யந்திரங்கள் சில கேடு தரும் அளவுக்கு ஓசோன் விடுவதையும் அம்பலப்படுத்தியது. 2008-ல் கம்பெனி திவாலாயிற்று.

கம்பெனி போனது, சரக்கு போகவில்லை. கொரோனாப் பெருந்தொற்று வந்ததும் அதே ஊசிமுனை, பள்ளிக்கூடங்களுக்கும் அலுவலகங்களுக்கும் புதுப் பெயரோடு வந்தது. மக்களின் பயம் இருக்கும் வரை இந்த வியாபாரத்துக்குப் பஞ்சமில்லை.

நம் வீட்டுக் காற்று கெடுவது எதனால்?

வீட்டுக் காற்று கெட்டிருக்கிறது என்று விற்பவன் சொல்வது மட்டும் உண்மை. ஆனால் அது எதனால் கெட்டது என்பதை அவன் சொல்வதில்லை.

விவசாயக் கூலியின் குடிசைக்குள் போய்ப் பாருங்கள். விறகும் சுள்ளியும் வரட்டியும் எரியும் அடுப்பு. புகைபோக்கி இல்லை, ஜன்னல் இல்லை. தாய் ஊதுகுழலோடு குனிந்திருக்கிறாள், இடுப்பில் குழந்தை. வீட்டு அடுப்புப் புகையால் 2020-ம் ஆண்டில் உலகெங்கும் 32 லட்சம் பேர் மாண்டதாக உலக சுகாதார ஸ்தாபனம் மதிப்பிடுகிறது. அவர்களில் 2 லட்சத்து 37 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் ஐந்து வயது நிரம்பாத பச்சிளம் குழந்தைகள்! இரவானால் கொசுவர்த்திச் சுருள். ஒரு சுருள் கக்கும் நுண்துகள் 75 முதல் 137 சிகரெட்டுகள் கக்கும் அளவுக்குச் சமம் என்று 2003-ல் வெளியான ஓர் ஆய்வு கூறியது. இந்தப் புகைமூட்டத்துக்கு நடுவே ஓர் ஊசிமுனை என்ன செய்யும்? காட்டுத்தீயை விசிறிமட்டையால் அணைக்கிற கதைதான்!

2016-ல் மத்திய சர்க்கார் உஜ்வலா திட்டத்தில் கேஸ் இணைப்பு கொடுத்தது. நல்லதுதான். ஆனால் அடுத்த சிலிண்டருக்குக் காசு? அந்த இணைப்பு பெற்றவர்கள் ஆண்டுக்குச் சராசரியாக 3.21 சிலிண்டர்தான் வாங்கினார்கள் என்று தலைமைத் தணிக்கை அதிகாரியின் 2019-ம் ஆண்டு அறிக்கை காட்டியது. பலர் விறகடுப்புக்கே திரும்பினார்கள். கூலி உயராமல், சிலிண்டர் விலை இறங்காமல், குடிசையின் காற்று சுத்தமாகாது.

ஆலைக்குள் வருவோம். ப்ளோ ரூமிலும் கார்டிங்கிலும் பஞ்சுத் தூசியை விழுங்கியவனுக்கு வரும் நோய் பைஸினோசிஸ். வார விடுமுறை முடிந்து வேலைக்குத் திரும்பிய முதல் நாளே நெஞ்சு இறுகும். வருடங்கள் போனால் எல்லா நாளும் அந்த இறுக்கம்தான். 1948-ம் வருடத் தொழிற்சாலைகள் சட்டம், 14-வது பிரிவில், தூசி கிளம்பும் இடத்துக்கு எவ்வளவு நெருக்கமாக முடியுமோ அவ்வளவு நெருக்கமாகவே அதை உறிஞ்சி எடுக்க வேண்டும் என்று விதித்தது. அமெரிக்காவில் 1978-ல் பஞ்சுத் தூசிக்குச் சர்க்கார் வரம்பு கட்டியபோது, ‘செலவு அதிகம்’ என்று ஆலை முதலாளிகள் உச்ச நீதிமன்றம் வரை ஓடினார்கள். 1981-ல் தோற்றார்கள். தொழிலாளியின் மூச்சுக்குப் பாதுகாப்பு வந்தது சட்டத்தாலும் போராட்டத்தாலும். பிளக்கில் செருகும் பெட்டியால் அல்ல.

இந்தப் பெட்டியின் உண்மையான தீமை இதுதான்: ஆலை நிர்வாகமும் சர்க்காரும் செய்ய வேண்டிய வேலையை, உன் சொந்தக் காசில் நீயே செய்துகொள் என்று அது சொல்லாமல் சொல்கிறது. தூசியைக் கிளப்பியவன் ஒருவன். விலை கொடுப்பவன் இன்னொருவன்!

வேண்டுவது என்ன?

வீட்டில் நாம் செய்யக்கூடியவை உண்டு. சமைக்கும்போது கதவையும் ஜன்னலையும் திறந்து வையுங்கள். அடுப்புக்கு மேலே புகைபோக்கி எழுப்புங்கள். வரட்டுத் துடைப்பத்தால் தூசியைக் கிளப்பாமல் ஈரத்துணியால் துடையுங்கள். சுருளைக் கொளுத்துவதற்குப் பதில் கொசுவலை கட்டுங்கள். நோயாளிக்காக யந்திரம் வாங்கித்தான் தீர வேண்டும் என்றால், விசிறியால் காற்றை இழுத்து வடிகட்டியில் தூசியைப் பிடிக்கும் யந்திரமா, ஓசோன் விடாததா என்று கேட்டு வாங்குங்கள்.

நாம் கோருவதோ இவை. காற்று யந்திரம் விற்பவன், அது எவ்வளவு காற்றைச் சுத்தம் செய்கிறது, எவ்வளவு ஓசோனை விடுகிறது என்பதைத் தமிழில் அட்டையிலேயே அச்சிட வேண்டும். நோய் தீரும் என்று பொய் விளம்பரம் செய்பவனைத் தண்டிக்க வேண்டும். ஆலையில் தூசி கிளம்பும் ஒவ்வொரு இடத்திலும் உறிஞ்சு குழாய் ஓட வேண்டும். தொழிலாளியின் நுரையீரலை வருடந்தோறும் நிர்வாகச் செலவில் பரிசோதிக்க வேண்டும். குடிசைக்கு ஜன்னலும் புகைபோக்கியும் உள்ள வீடு வேண்டும். கூலிக்கு எட்டும் விலையில் சிலிண்டர் வேண்டும்.

தோழர்களே! கூலிப் பணத்தை அந்தப் பெட்டிக்குக் கொட்டாதீர்கள். அதை விற்க வருபவனிடம் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: ‘பிடித்த தூசி எங்கே?’ அவனிடம் பதில் இராது. ஆலை நிர்வாகத்திடமும் அதே தொனியில் கேளுங்கள்: ‘கிளப்பிய தூசிக்குப் பொறுப்பு யார்?’ பதில் வரும் வரை கேட்டுக்கொண்டே இருப்போம்!