மலையிலிருந்து சாமை இறங்குது... மலைக்கு பிஸ்கட் ஏறுது!

கள்ளக்குறிச்சியிலிருந்து கச்சிராயபாளையம் வழியாக வெள்ளிமலைக்குப் போகும் வண்டிகளில் என்ன சரக்கு ஏறுகிறது என்று பாருங்கள். பிஸ்கட் பெட்டி, ரஸ்க் மூட்டை, சரம் சரமாக சிப்ஸ் பாக்கெட். இறங்கி வரும் வண்டியில்? சாமை, கேழ்வரகு, மரவள்ளிக் கிழங்கு!

அதாவது, சத்து கீழே வருது. சக்கை மேலே போகுது.

பெரியவர்கள் தின்றால் தின்றுவிட்டுப் போகட்டும். 7 மாதக் கைக்குழந்தைக்கும் அதே பிஸ்கட்டை டீயில் நனைத்து ஊட்டுகிறார்களே, அதுதான் வயிற்றெரிச்சல்! பிஸ்கட்டில் இருப்பது மைதாவும் சர்க்கரையும் எண்ணெயும். டீயோ, சாப்பாட்டில் இருக்கும் இரும்புச் சத்தை உடம்பில் சேர விடாது. மலைக்காரர்கள்தான் இப்படி என்று டவுன்காரர்கள் நினைக்க வேண்டாம். இங்கேயும் இதே கூத்துதான்.

முதல் 6 மாதம் தாய்ப்பால் மட்டும் போதும். தண்ணீர்கூட வேண்டாம். சேனை வைக்கிறேன் என்று தேனைத் தடவும் பாட்டிமார்கள் மன்னிக்க வேண்டும். ஒரு வயதுக்கு முன் தேன் ஆபத்து. ஆனால் 6 மாதம் முடிந்துவிட்டால் பால் மட்டும் போதாது. இந்த இடத்தில்தான் கோட்டை விடுகிறோம்.

8 மாதக் குழந்தையின் வயிறு எவ்வளவு கொள்ளும்? கால் லிட்டர்தான். ஒரு டம்ளர்! அதில் நீர்க்கக் கரைத்த கஞ்சியை ஊற்றினால் வயிறு நிரம்பும், உடம்பு தேறாது. கரண்டியைச் சாய்த்தால் சட்டென்று ஒழுகாத பதத்தில் கூழ் இருக்க வேண்டும்.

"கெட்டியா கிண்டினா புள்ள முழுங்காதே?" என்பார்கள். அதற்குத்தான் முளை கட்டுவது! கேழ்வரகை முளைகட்டி, உலர்த்தி, வறுத்து, அரைத்து, துணியில் சலித்தால் மாவைக் கூடுதலாகப் போட்டாலும் கூழ் இளகலாக வரும். கேழ்வரகு 100 கிராமில் 300 மில்லிகிராமுக்கு மேல் சுண்ணாம்புச் சத்து.

மலைக்காரர்களைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. மரவள்ளிக்கு சேலம் பக்கத்து ஜவ்வரிசி ஆலைகள் காசு தருகின்றன. காசு வரும் பயிரைத்தானே போடுவார்கள்? ஆனால் கிழங்கில் மாவுச் சத்துதான் உண்டு. குழந்தைக்கு வேண்டிய பருப்பு, முட்டை, கீரையின் சத்து அதில் இல்லை.

2 வயது வரை யார் பொறுப்பு?

1982 ஜூலை 1-ல் எம்.ஜி.ஆர். சத்துணவைத் தொடங்கினார். கிராமத்தில் 2 வயது நிறைந்த குழந்தைக்குத் தட்டு வந்தது. இன்றும் பால்வாடியில் சூடான சாப்பாடு 2 வயதுக்கு மேல்தான். அதற்குக் கீழே? சத்துமாவுப் பாக்கெட்! அது வீட்டுக்குப் போகும். வீட்டில் 4 பிள்ளைகள் இருந்தால் 4 பேரும் அள்ளுவார்கள். தாய் விடியற்காலையில் காட்டு வேலைக்குப் போய்விட்டால் கிண்டி ஊட்டுவது யார்? 8 வயது அக்காவா?

1980-ல் மதுரை மாவட்டத்தில் தொடங்கிய ஊட்டச்சத்துத் திட்டத்தில் ஒரு நல்ல ஏற்பாடு இருந்தது. 6 மாதம் முதல் 3 வயது வரை மாதாமாதம் எடை. எடை ஏறாத குழந்தைக்கு 90 நாள் சத்து உருண்டை. சின்னப் பிள்ளையைத்தான் முதலில் பார்த்தார்கள்!

அதைத்தான் கேட்கிறோம். கல்வராயன் மலைப் பால்வாடிகளில் 6 மாதம் நிறைந்த குழந்தைக்கும் தினம் ஒரு கிண்ணம் சூடான கூழ். மலைச் சாமையையும் கேழ்வரகையும் நல்ல விலைக்கு அங்கேயே வாங்கிக் கிண்டட்டும். விவசாயிக்கும் காசு, குழந்தைக்கும் சோறு. 2024 ஜூனில் கள்ளச்சாராயம் இத்தனை உயிரைக் குடித்த பிறகு, கல்வராயன் மலை மக்களின் வாழ்க்கை நிலையை சென்னை ஐகோர்ட்டே தானாக முன்வந்து விசாரணைக்கு எடுத்தது. ரோடு, ஆஸ்பத்திரி எல்லாம் பேச்சில் வந்தன. அந்தக் கிண்ணமும் வரட்டும்.

"பக்கத்து வீட்டுப் புள்ள 10 மாசத்துல நடந்துச்சு!"

ஆபீசிலும் பஸ்சிலும் இந்தப் பேச்சு ஓயாது. உலக சுகாதார நிறுவனம் டெல்லி உள்பட 5 நாட்டுக் குழந்தைகளைப் பார்த்து 2006-ல் கணக்கு சொன்னது. 8 மாதத்தில் நடந்ததும் உண்டு. 17 மாதம் தாண்டி நடந்ததும் உண்டு. இரண்டும் நல்ல குழந்தைதான். போட்டி வேண்டாம். ஆனால் 9 மாதம் முடிந்தும் பிடிக்காமல் உட்காரவில்லை, 18 மாதமாகியும் நடக்கவில்லை, மாதாமாதம் எடை ஏறவில்லை என்றால் ஜாதகத்தைத் தூக்காதீர்கள். குழந்தையைத் தூக்கிக்கொண்டு சிறுவங்கூர் மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

கடைக்கார அண்ணாச்சிகளுக்கும் ஒரு வார்த்தை. பால் பவுடர், குழந்தை உணவு டப்பாக்களுக்கு விளம்பரம் வைப்பதும், பரிசு கொடுத்து விற்பதும் 1992-ம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். முளைகட்டிய கேழ்வரகு மாவுக்கு எந்தத் தடையும் இல்லை. அரைக்கிலோ பாக்கெட்டாகக் கட்டி, பிஸ்கட் சரம் தொங்கும் இடத்தில் அதை வைங்க!